காலிப்பணியிடத்துக்கு வந்த போன்கள்

அரசாங்கத்துக் கம்ப்யூட்டரைத் திறந்து பார்த்தால் எங்கள் பள்ளிக்கூடத்தில் கெமிஸ்ட்ரிக்கு ஆள் கிடையாது. அந்த இடத்துக்கு நேராகக் 'காலி' என்றுதான் இருக்கும். அந்தக் காலியில் தினமும் காலையில் போய் உட்கார்ந்து, பிளஸ் ஒன்னுக்கும் பிளஸ் டூவுக்கும் பாடம் நடத்தி, சாயங்காலம் கையெல்லாம் ஆசிட் வாடையோடு வூட்டுக்கு வந்துகொண்டிருந்தது நான்.

நான் தற்காலிக ஆசிரியை. பள்ளி மேலாண்மைக் குழு என்று ஒன்று உண்டு. பிள்ளைகளின் பெற்றோர் சிலரும் தலைமையாசிரியையும் சேர்ந்த குழு. அவர்கள் கூடி உட்கார்ந்து என் சர்டிபிகேட்டைப் பார்த்து, ரெண்டு கேள்வி கேட்டு எடுத்த ஆள் நான். கொடுத்த தாளில், நிரந்தர ஆசிரியர் வந்து சேரும் நாள் வரைக்கும்தான் இந்த வேலை என்று ஒரு வரி. மற்றவர்கள் அதைப் படித்தால் பயப்படுவார்கள். எனக்கு பயத்துக்கு முன்னால் ஆர்வம் வந்துவிட்டது. யார் அந்த நிரந்தர ஆசிரியர்? ஆணா, பெண்ணா? இந்நேரம் எந்த ஊரில் எந்தப் போர்டில் எழுதிக்கொண்டிருப்பார்? இங்கே ஒருத்தி தன் நாற்காலியைத் தேய்த்துக்கொண்டிருக்கிறாள் என்று அவருக்குத் தெரியுமா? ஏன், எதுக்கு, யாரு என்று கேட்காவிட்டால் எனக்குச் சோறு இறங்காது. உன் வாய்க்கு ஒரு பூட்டு வாங்கணும் என்று எங்கம்மா சொல்லாத நாள் இல்லை.

பள்ளிக்கூடம் பாப்பிரெட்டிப்பட்டியிலிருந்து சித்தேரி மலையைப் பார்த்துப் போகிற ரோட்டில் இருந்தது. ஒரு பக்கம் மரவள்ளிக் காடு, இன்னொரு பக்கம் பாக்குத் தோப்பு. நான் சேர்ந்த அன்றைக்கு லேப் சாவியைக் கேட்டேன். ஆபீஸில் இருந்தவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். "லேப்புல என்னங்க பண்ணப் போறீங்க?" என்றார். போய்த் திறந்தால் உள்ளே விலையில்லா சைக்கிள் வந்த அட்டைப்பெட்டிகள், கால் உடைந்த பெஞ்சுகள், ஆண்டு விழாப் பந்தலில் மிஞ்சிய சாமியானாத் துணி. சிங்க் தொட்டியில் மண் அடைத்து, அதில் ஒரு செடியே முளைத்திருந்தது. நல்ல செழிப்பான செடி. பிடுங்குவதற்கு மனசே வரவில்லை.

அந்த லேப்பைச் சுத்தம் செய்ய எனக்கு ஒரு பருவம் ஆனது. பெற்றோர் ஒருத்தர் பிளம்பர் வேலை பார்க்கிறவர். அவரைக் கெஞ்சிக் கூத்தாடி மேல்தொட்டியிலிருந்து தண்ணி இழுத்தேன். உப்பு பாட்டில்களுக்கெல்லாம் லேபிள் எழுதி ஒட்டினேன். முதல் தடவை பியூரெட் குழாயிலிருந்து கரைசல் சொட்டுச் சொட்டாக இறங்கி, கீழே குடுவையில் சட்டென்று இளஞ்சிவப்பு நின்றபோது பிளஸ் டூ பையன்கள் ஊமையாகிப் போனார்கள். எனக்கு அன்றைக்கு இருந்த சந்தோஷத்தை என் கல்யாணத்தன்றுகூட நான் பார்த்ததில்லை. இதை வூட்டுக்காரரிடமே சொல்லியிருக்கிறேன். அவர் மரவள்ளி போடுகிறவர். "எனக்கும் கெழங்கு பெருத்தாத்தான் அந்த மாதிரி இருக்குது, வுடு" என்றார்.

பஸ்ஸுக்கு ஒரு தனிக்கதை. தருமபுரியிலிருந்து வருகிற டவுன் பஸ் எங்கள் பள்ளிக்கூட வாசலில் நிற்காது. ஒரு கூப்பிடு தூரம் தள்ளிப் போய்க் கைகாட்டி மரத்தருகில் நிற்கும். மழைக்காலத்தில் அந்த ரோட்டில் பெண் பிள்ளைகள் நடந்து வருவதற்குள் பாவாடை முழுக்கச் சேறாகிவிடும். ஒருநாள் நானும் பிளஸ் டூ பிள்ளைகளும் பஸ்ஸுக்குள்ளேயே கண்டக்டரிடம் சண்டைக்கு நின்றோம். பிறகு டெப்போவில் மனு, அது இது என்று அலைந்து, கடைசியில் வாசலிலேயே நிற்க வைத்துவிட்டோம். அந்தக் கண்டக்டர் இன்றைக்கும் என்னைப் பார்த்தால் விசில் ஊதும்போது முகத்தைத் திருப்பிக்கொள்வார்.

இதெல்லாம் எதற்கு இங்கே சொல்கிறேன் என்றால், நான் என்னென்ன பண்ணிக்கொண்டிருந்தேன் என்று எனக்கே தெரியாமல் பண்ணிக்கொண்டிருந்தேன். அது பின்னால்தான் புரிந்தது.

ஒவ்வொரு ஜூன் மாதமும் ஒரு கூத்து நடக்கும். எங்கள் ஊர் வாட்ஸ்அப் குரூப்பில், இன்ன பள்ளிக்கு வேதியியல் தற்காலிக ஆசிரியர் தேவை, தகுதியுள்ளோர் விண்ணப்பிக்கவும் என்று செய்தி வரும். என் இடத்துக்குத்தான். நானே படித்து, நானே விண்ணப்பம் எழுதி, என் மேசை மேலேயே வைத்து எழுதி, தலைமையாசிரியையிடம் கொண்டுபோய்க் கொடுப்பேன். அவரும் புதுசாகப் பார்க்கிற மாதிரி வாங்கிக்கொள்வார். வேறு யாராவது போட்டிருக்கிறார்களா என்று நான் கேட்பதும், பார்க்கலாம்மா என்று அவர் சொல்வதும் வழக்கம்.

அதையொட்டியே, பள்ளி திறக்கிற சமயத்தில், நிரந்தர ஆசிரியர்களுக்கு இடமாறுதல் கலந்தாய்வு வரும். எங்கெங்கே இடம் காலி என்று பட்டியல் போடுவார்கள். வேண்டியவர்கள் தேர்ந்தெடுத்துக்கொள்ளலாம். எங்கள் தமிழய்யாதான் இதை எனக்கு விளக்கியவர். பல ஊர் தண்ணி குடித்த மனிதர், ஓய்வுபெறும் வயதை நெருங்கிக்கொண்டிருந்தார். வாயைத் திறந்தால் கிண்டல்தான்.

"இதுல ஒரு ரகசியம் இருக்குதும்மா," என்றார். "லிஸ்ட்ட மட்டும் பாத்து ஒருத்தரும் எடம் எடுக்க மாட்டாங்க. பொண்ணு பாக்கறதுக்கு முன்னாடி அக்கம்பக்கத்துல விசாரிக்கறமில்ல? அந்த மாதிரி ஸ்கூலுக்குப் போனப் போட்டு விசாரிப்பாங்க. பஸ்ஸு இருக்குதா, பாத்ரூம் இருக்குதா, எச்சம் எப்படி, ரிசல்ட்டு எப்படி. நானே அப்படி விசாரிச்சுத்தான் இங்க வந்தன்."

எச்சம் என்பது எச்.எம்., அதாவது தலைமையாசிரியர். எங்கள் எச்சம் அம்மா சேலத்திலிருந்து காரில் வருகிறவர். பஸ் நேரம் தெரியாது, லேப்பில் எந்தக் குழாயில் தண்ணி வரும் என்று தெரியாது. கெமிஸ்ட்ரி காலியிடத்தைப் பற்றி யாராவது போன் செய்தால், "எங்க மிஸ் ஒருத்தங்க இருக்காங்க, அவங்ககிட்ட கேளுங்க" என்று என் நம்பரைக் கொடுத்துவிடுவார். என் வேலையைப் பிடுங்க வருகிறவர்களுக்கு வழிசொல்கிற வேலையையும் எனக்கே கொடுத்திருக்கிறோம் என்பது அவருக்கு உறைக்கவே இல்லை. கெட்ட மனசு கிடையாது. அந்தப் பாடத்துக்கு நான்தானே ஆள் என்று நினைத்திருப்பார்.

முதல் வருஷம், நான் சேர்ந்த புதுசில், ஒருத்தர் கூப்பிட்டார். லேப் இருக்கிறதா என்று கேட்டார். இருக்குதுங்க, உள்ள சைக்கிள் இருக்குதுங்க என்றேன். பஸ்? கொஞ்சம் நடக்கணுமுங்க. ரிசல்ட்? அதைச் சொன்னதும் அவர் நன்றி சொல்லி வைத்துவிட்டார். நான் ஒரு பொய்கூடச் சொல்லவில்லை. அந்த வருஷம் உண்மையே எனக்குத் துணையாக இருந்தது.

ரிசல்ட் என்றால் ஏன் இத்தனை பேர் பயப்படுகிறார்கள் என்று தமிழய்யாவைக் கேட்டேன். ரிசல்ட் குறைந்தால் தருமபுரி கல்வி ஆபீஸுக்குக் கூப்பிட்டு, பாடவாரியாக நிற்க வைத்துக் காரணம் கேட்பார்களாம். வயசான வாத்தியார்கள்கூடப் பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி கையைக் கட்டிக்கொண்டு நிற்பார்களாம். நான் அதைப் பார்த்ததில்லை. தற்காலிகக்காரர்களை அங்கே கூப்பிட மாட்டார்கள். திட்டு வாங்குவதற்கும் ஒரு நிரந்தரம் வேண்டும்.

மூன்றாவது வருஷம் எங்கள் பிளஸ் டூவில் கெமிஸ்ட்ரியில் எல்லாரும் பாஸ். ஒருத்தர் விடாமல். ரிசல்ட் வந்த அன்றைக்கு நான் அழுதேன். மரவள்ளிக் காட்டு வரப்பில் உட்கார்ந்து, போனை வைத்துக்கொண்டு நன்றாக அழுதேன். கூட்டத்துக்குப் போய்வந்த எச்சம் அம்மாவுக்குத் தலைகால் புரியவில்லை. தருமபுரியில் கைதட்டினார்களாம். யாரு மேடம் இந்த டீச்சர் என்று தாளைப் பார்த்திருக்கிறார்கள். ஆசிரியர் பெயர் இருக்க வேண்டிய கட்டத்தில் காலி என்று இருந்திருக்கிறது.

"காலி நூத்துக்கு நூறு எடுத்திருச்சுப்பா" என்று தமிழய்யா ஸ்டாஃப் ரூமில் அறிவித்தார். அதிலிருந்து என்னை 'காலி மிஸ்' என்றே கூப்பிட ஆரம்பித்தார். நானும் சிரித்தேன். வேறு யாராவது சொல்லியிருந்தால் கடித்து வைத்திருப்பேன்.

அந்தக் கோடையில்தான் என் போன் ஓயாமல் அடிக்க ஆரம்பித்தது. ஓசூர் பக்கத்திலிருந்து, திருவண்ணாமலையிலிருந்து, எங்கெங்கிருந்தோ. அப்போதுதான் எனக்கு மண்டையில் உறைத்தது. யாரும் சீந்தாமல் கிடந்த இடத்தை லேப்பு, பஸ்ஸு, ரிசல்ட்டு என்று ஒவ்வொன்றாகப் பூட்டி அலங்காரம் பண்ணி வைத்தது நானேதான். மோசமாக வேலை பார்த்திருந்தால் இன்னும் பத்து வருஷம் அந்த நாற்காலியில் நிம்மதியாக உட்கார்ந்திருக்கலாம். இந்த மாதிரி ஒரு முட்டாள்தனத்தைத் தற்காலிக வாத்தியாரைத் தவிர வேறு யாரும் பண்ண முடியாது என்று நினைத்து ஒருநாள் முழுக்கச் சிரித்துக்கொண்டிருந்தேன். ராத்திரி சோறு இறங்கவில்லை.

வேலை போனால் மறுபடி பிரைவேட் பள்ளிக்கூடம்தான். அங்கே ஏற்கெனவே இருந்து பார்த்தவள் நான். புத்தகத்தை மனப்பாடம் பண்ண வைக்கிற வேலை, லேப் என்பது பரீட்சைக்கு முன்னால் மட்டும் திறக்கிற அறை. பணத்தைவிட அதுதான் எனக்கு வலித்தது. அந்த லேப்பை விட்டுப் போக எனக்கு இஷ்டமில்லை. அவ்வளவுதான் விஷயம்.

"இதுக்கெதுக்குக் கவலப்படற காலி மிஸ்ஸு," என்றார் தமிழய்யா. "அடுத்த போன் வந்தா லேப்புல பாம்பு வருதுன்னு சொல்லிடு. மலையடிவாரம், நம்புவாங்க."

"ஒரு தடவ நெசமாவே வந்துச்சுங்க ஐயா."

"அப்பறம் என்ன, பொய்கூட இல்ல."

எனக்கும் சபலம் தட்டியது. ஆனால் அதற்கு முன்னால் வேறு ஒன்று தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது. மூன்று வருஷம் ஒரு இடத்தில் வேலை பார்த்தவளுக்கு அந்த இடத்தின் மேல் ஒரு துளியாவது உரிமை உண்டா, இல்லையா? என்னோடு பிளஸ் டூ படித்தவள் ஒருத்தி தருமபுரி கோர்ட்டில் வக்கீலாக இருக்கிறாள். அவளைப் போய்ப் பார்த்தேன். கோர்ட்டு எதிரே இருக்கிற டீக்கடையில் போண்டாவைப் பிட்டுக்கொண்டே எனக்குச் சட்டம் சொன்னாள்.

"நெரந்தரம் வந்தா நீ எழுந்துக்க வேண்டியதுதான்டி. அதுல பேச்சே இல்ல."

"அப்ப எனக்கு ஒண்ணுமே கெடையாதா?"

"யாரு சொன்னா? புள்ள பெத்துக்கறதுன்னா லீவு கேளு, அது உண்டு. வேல பாத்ததுக்குச் சான்று கேளு, குடுக்கணும். அப்பறம் ஒண்ணு." போண்டாவைக் கீழே வைத்தாள். "ஒரு டெம்பரவரிய எடுத்துட்டு அந்த எடத்துல இன்னொரு டெம்பரவரியப் போடக் கூடாது. வேல இருந்து, ஆளும் ஒழுங்கா பாத்தா, நெரந்தரம் வர்ற வரைக்கும் அதே ஆளுதான். கோர்ட்டு இத பல தடவ சொல்லியிருக்குது."

"அப்ப ஒவ்வொரு ஜூனும் என்னய அப்ளிகேஷன் போடச் சொல்றாங்களே?"

"போடச் சொல்றாங்க, நீயும் போடற. கேட்டியா?"

கேட்கவில்லை. ஊரில் எல்லாவற்றையும் கேட்கிறவள் இதைக் கேட்கவில்லை. "சரி, இது எனக்கு இப்ப எதுக்கு ஆவும்? வரப்போறது நெரந்தரமாச்சே" என்றேன்.

"உனக்கு ஆவாது. தெரிஞ்சு வெச்சுக்க" என்று போண்டாவை எடுத்துக்கொண்டாள். டீக்குக் காசு கொடுக்கக்கூட என்னை விடவில்லை.

திரும்பி வருகிற பஸ்ஸில்தான் ஒரு அம்மாவின் முதல் போன் வந்தது. நாகப்பட்டினம் பக்கத்தில் வேலை பார்க்கிறாராம். சொந்த ஊர் தருமபுரி. பையன் இங்கே மாமியாரிடம் வளர்கிறானாம். குரலில் ஒரு களைப்பு. நாள் முழுக்கக் கத்திப் பாடம் நடத்துகிறவர்களுக்கு வருகிற கரகரப்பு. அதை நான் எங்கே கேட்டாலும் கண்டுபிடித்துவிடுவேன்.

"தருமபுரியிலருந்து ஒரே பஸ்ஸுங்களா, மாறணுமுங்களா?"

பாம்பு நாக்கு நுனி வரைக்கும் வந்துவிட்டது. ஜன்னலுக்கு வெளியே பார்த்தேன். நான் உட்கார்ந்திருந்ததே அந்த பஸ்ஸில்தான். "ஒரே பஸ்ஸுங்க. வாசல்லயே நிக்குது" என்றேன்.

அதற்கப்புறம் அவர் அடிக்கடி கூப்பிட்டார். ஒருநாள் பாத்ரூமைப் பற்றி, ஒருநாள் எச்சம் அம்மாவைப் பற்றி. எனக்கும் அவரைப் பற்றித் தெரிந்துகொள்ள ஆசை. நாகப்பட்டினம் பக்கம் லேப்பில் இரும்புச் சாமானெல்லாம் உப்புக் காத்தில் துருப்பிடித்துவிடுமாமே, நெஜமா என்று கேட்டேன். ஆமாங்க, ஸ்டாண்டெல்லாம் கையில உதிருதுங்க என்றார். என் நாற்காலிக்கு வரப்போகிற ஆள் யார் என்று மூன்று வருஷமாக நினைத்துக்கொண்டிருந்தேனே, அந்த ஆள் இதோ, துருப்பிடித்த ஸ்டாண்டுகளோடும் மாமியார் வூட்டில் இருக்கிற பையனோடும் போனில் வந்துவிட்டார். வெறுக்க முயற்சி பண்ணிப் பார்த்தேன். முடியவில்லை, அதுவும் எரிச்சலாக இருந்தது.

ஒருநாள் பிள்ளைகள் எப்படி என்று கேட்டார். அன்றைக்கு நான் போனை வைக்கவே இல்லை. மலைமேலிருந்து இறங்கி வந்து ஹாஸ்டலில் தங்கிப் படிக்கிற ஒரு பெண், உப்பை மோந்து பார்த்தே பாதி சொல்லிவிடும். அதை மட்டும் மோக்க விடாதீங்க, பழகிடுச்சு, இன்னும் மறக்க மாட்டேங்குது என்றேன். கரிம வேதியியலில் இந்த வருஷத்துப் பிள்ளைகள் கொஞ்சம் மந்தம், பயப்படாதீங்க, படம் போட்டு நடத்தினா பிடிச்சுக்குவாங்க என்றேன். பெண் பார்க்க வந்தவர்களிடம் சொந்தப் பெண்ணைப் பற்றிச் சொல்கிற மாதிரி சொல்லிக்கொண்டே போனேன்.

"ரிசல்ட் எப்படிங்க?"

"எல்லாரும் பாஸுங்க."

"யாருங்க நடத்தினது?"

"டெம்பரவரி டீச்சர் ஒருத்தங்க."

"நல்லா நடத்துவாங்களோ?"

இதுவரைக்கும் அவர் என்னிடம் நீங்கள் என்ன பாடம் என்று கேட்டதே இல்லை. பேச்சுவாக்கில் நானும் சொல்லவில்லை. பிஸிக்ஸோ பாட்டனியோ நடத்துகிற நிரந்தர ஆசிரியை என்று நினைத்திருக்கிறார். இப்போது என்னைப் பற்றி நானே நற்சான்று கொடுக்க வேண்டிய நிலைமை. எனக்கு வாயில் வார்த்தை வரவில்லை என்றால் யாரும் நம்ப மாட்டார்கள்.

"பரவாயில்லீங்க" என்றேன்.

"அவங்க போயிட்டா அடுத்த வருஷம் எறங்கிடுமோன்னு பயமா இருக்குதுங்க. அது எம் பேருல வந்துடும்."

"எறங்காதுங்க," என்றேன். "புள்ளைங்க நல்லாப் படிக்குங்க."

அதற்கப்புறம் போன் வரவில்லை. பள்ளி திறந்ததும் தமிழய்யா தினமும் காலையில் "பாம்பு சொன்னியா?" என்று கேட்பார். இல்லை என்பேன். "உருப்பட மாட்ட" என்பார். அப்படிச் சொல்லும்போது அவர் முகத்தில் கிண்டல் இருக்காது.

அடுத்த கொஞ்ச நாளில் அந்த நாகப்பட்டினத்து அம்மா வந்து சேர்ந்தார். நான் பிளஸ் டூவுக்கு முதல் பீரியட் நடத்திக்கொண்டிருந்தேன். ஆபீஸிலிருந்து ஆள் வந்து கூப்பிட்டார். உள்ளே நுழையும்போதே எனக்குத் தெரிந்துவிட்டது, எச்சம் அம்மா என் முகத்தைப் பார்க்கவில்லை. எதிரே நாற்காலியில் ஒரு அம்மா, மடியில் ஹேண்ட்பேக், மேசை மேல் ஸ்வீட் டப்பா. புதிதாகச் சேருகிறவர்கள் ஸ்டாஃப் ரூமுக்கு ஸ்வீட் கொடுப்பது எங்கள் பள்ளிக்கூடத்து வழக்கம். என்னைப் பார்த்ததும் எழுந்து டப்பாவை நீட்டினார். மைசூர்பாக்கு. நான் ஒன்று எடுத்துக்கொண்டு, "வாங்க, பஸ்ஸு வாசல்ல நின்னுதுங்களா?" என்றேன்.

அவர் கை அப்படியே நின்றுவிட்டது.

"போன்ல பேசினது நீங்கதானுங்களா?"

"ஆமாங்க."

எச்சம் அம்மாவைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், என் கையிலிருந்த சாக்பீஸைப் பார்த்தார். படித்தவர், சட்டென்று புரிந்துகொண்டார். அவர் முகம் விழுந்துவிட்டது. "ஏங்க சொல்லல?" என்றார்.

"நீங்க கேக்கலீங்க."

லேப்பைக் காட்ட நான்தான் கூட்டிக்கொண்டு போனேன். மூன்றாவது குழாயை முழுசாகத் திருப்பாதீர்கள், கழன்று வந்துவிடும் என்றேன். மேல்தட்டில் ஒரு பாட்டிலுக்கு லேபிள் மாறிப்போய் ஒட்டியிருக்கிறேன், அது அம்மோனியம் குளோரைடு என்றேன். அவர் எதையும் காதில் வாங்கவில்லை. சுவரோரம் வரிசையாக நின்ற ஸ்டாண்டுகளில் ஒன்றைத் தொட்டுப் பார்த்தார். துரு இல்லை.

"பஸ்ஸு இல்லேன்னு ஒரு வார்த்த சொல்லியிருந்தா நான் இந்த எடத்த எடுத்திருக்க மாட்டனுங்க" என்றார்.

"பஸ்ஸு இருக்குதுங்களே" என்றேன்.

அவர் அழுதுவிட்டார். எனக்கு அழுகை வரவில்லை. பையனை இனிமேல் கூடவே வைத்துக்கொள்வீர்களா என்று கேட்டேன். தலையை ஆட்டினார். எனக்கு அது நிஜமாகவே தெரிய வேண்டியிருந்தது.

போகும்போது எச்சம் அம்மாவிடம், என்னை விடுவித்ததற்கு ஒரு தாளும், மூன்று வருஷம் வேலை பார்த்ததற்கு ஒரு சான்றும் வேண்டும் என்று கேட்டேன். தற்காலிகத்துக்கெல்லாம் அப்படிக் கொடுக்கிற வழக்கம் இல்லையேம்மா என்றார். வழக்கம் இல்லாவிட்டால் இன்றைக்கு ஆரம்பிக்கலாமுங்க என்று எதிர் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டேன். சாயங்காலம் பஸ் வருவதற்குள் எழுதி, சீல் வைத்துக் கொடுத்தார். சும்மா சொல்லக் கூடாது, அதில் ரிசல்ட்டைப் பற்றித் தானாகவே ஒரு வரி சேர்த்திருந்தார். வாசலில் பிளஸ் டூ பிள்ளைகள் நின்றார்கள். நான் கிண்டல் பண்ணிச் சிரிக்க வைத்துவிட்டுப் பஸ் ஏறினேன். கண்டக்டர் அன்றைக்கு முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை, ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்துகொண்டேன்.

ஒரு வாரம் வூட்டில் இருந்தேன். மரவள்ளிக்குக் களை வெட்டினேன். பிரைவேட் பள்ளிக்கூடத்துக்குப் போன் போடலாமா என்று கையில் எடுப்பேன், வைத்துவிடுவேன். அப்போதுதான் தமிழய்யா ஒரு செய்தியை அனுப்பினார். இண்டூர் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் கெமிஸ்ட்ரி தற்காலிக ஆசிரியர் தேவை. பின்னாலேயே போனும் செய்தார். "அந்த எச்சம் எனக்குத் தெரிஞ்சவரு. ஒன் ரிசல்ட்ட சொன்னன். ஒடனே வரச் சொல்றாரு. லேப்பு பெருசாம். எதையும் நோண்டிக் கேக்காம போயி சேரு காலி மிஸ்ஸு."

எனக்கு மூச்சே அப்போதுதான் வந்தது. பெரிய லேப்பு என்ற வார்த்தையிலேயே பாதி மனசு அங்கே போய்விட்டது. ஆனால் விசாரிக்காமல் போக முடியுமா? அந்த எச்சத்துக்குப் போன் போட்டேன். வாங்கம்மா, தாராளமா வாங்க என்றார். லேப்பில் தண்ணி வருமா என்று கேட்டேன். அவர் கொஞ்சம் தடுமாறினார். "இருங்க, எங்க மிஸ் ஒருத்தங்க இருக்காங்க, அவங்ககிட்டக் குடுக்கறேன்" என்றார்.

ஒரு பெண் குரல் வந்தது. சின்ன வயசு. தண்ணி வருமுங்க, ரெண்டு குழாயில மட்டும் வராதுங்க, பியூரெட்டெல்லாம் போன வருஷந்தான் கழுவி அடுக்குனதுங்க என்றது. பஸ் நேரமெல்லாம் ஒப்பித்தது. நான் கேட்காமலே பிள்ளைகளைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தது.

"இப்ப அந்தப் பாடத்த யாருங்க நடத்தறது?"

"ஒரு டெம்பரவரி டீச்சருங்க."

கேட்கக் கூடாது என்று நினைத்தேன். வாய் நிற்கவில்லை. "நல்லா நடத்துவாங்களா?"

"ரொம்ப நல்லா நடத்துவாங்க" என்றது குரல், பட்டென்று.

எனக்கு அவள் மேல் அப்படி ஒரு பிரியம் வந்தது. நான் சொல்லாமல் முழுங்கியதை இந்தப் பெண் சொல்லிவிட்டாள்.

"அப்ப அவங்ககிட்ட ஒண்ணு சொல்லுங்க," என்றேன். "நெரந்தரம் வந்தா எழுந்துக்கட்டும். ஒரு டெம்பரவரிய எடுத்துட்டு இன்னொரு டெம்பரவரியப் போட அவங்களால முடியாது. கோர்ட்டே சொல்லியிருக்குது. தருமபுரியில எனக்குத் தெரிஞ்ச வக்கீல் ஒருத்தி இருக்கா, நம்பர் தரேன். எழுதிக்கங்க."

அந்தப் பக்கம் பேனா தேடுகிற சத்தம் கேட்டது. மேசை டிராயர் திறந்து மூடியது. நம்பரைச் சொன்னேன். திருப்பிச் சொல்லிச் சரிபார்த்தாள்.

"நீங்க யாருங்க பேசறது?"

"நானும் கெமிஸ்ட்ரிதாங்க."

"எந்த ஸ்கூலுங்க?"

"இப்போதைக்கு ஸ்கூல் இல்லீங்க."

பின்னால் ஒரு வகுப்பில் பிள்ளைகள் கோரஸாக எதையோ படிக்கிற சத்தம் கேட்டது. "நீங்க இங்க வர்றதுக்குத்தான் கூப்பிட்டீங்களா?" என்றாள்.

"ஆமாங்க. எடம் காலியா இருக்குதுன்னு சொன்னாங்க," என்றேன். "ஆள் இருக்குதுங்களே. வெச்சுடறன், நீங்க வகுப்புக்குப் போங்க."